நாளம்மாளுக்காக அடித்த காலண்டர்

எங்கள் ஊர் வேம்பங்கரிசலில் மழை பெய்யாத வருஷம் உண்டு, காலண்டர் அடிக்காத வருஷம் கிடையாது. நகைக்கடைக்கு லட்சுமி படம் போட்டது, மாதா கோயிலுக்கு மாதா படம் போட்டது, பள்ளிவாசலுக்குத் தொழுகை நேரம் போட்டது, மிட்டாய்க் கடைக்கு லட்டுப் படம் போட்டது என்று கேட்டவருக்குக் கேட்ட மாதிரி நாள்களை அச்சடித்து, வெட்டி, அடுக்கி, தலையில் தகரம் அடித்து, அட்டையில் ஒட்டி, லாரி ஏற்றி அனுப்புகிறவர்கள் நாங்கள், அதில் எங்களுக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. அதனால் ஓர் ஆடிப்பெருக்குக்கு மறுநாள், பூவநாதன் ஆப்செட்டுக்கு ஏழாம் அடுக்கிலிருந்து ஒரு காலண்டர் ஆர்டர் தபாலில் வந்தபோது யாரும் வாயைப் பிளக்கவில்லை.

ஏழாம் அடுக்கு எங்கே இருக்கிறது என்று முதலாளி பூவநாதன் விசாரிக்கவில்லை. "அந்தப் பக்கம் லாரி போகுமா?" என்று மட்டும் ஒரு கார்டு எழுதிப் போட்டார். போகும் என்று பதில் வந்தது, மறுவாரமே தாளும் வந்தது. நம் ஊர்த் தாள் தங்கள் நாள்களைத் தாங்காது என்று சொல்லித் தாளையும் அவர்களே அனுப்பியிருந்தார்கள். வெங்காயத் தோல் மாதிரி மெல்லிசு, மோந்து பார்த்தால் புதுப்பானைத் தண்ணீர் வாசம் அடித்தது.

கைப்பிரதியைப் படித்துவிட்டு முதலாளி எங்களைக் கூப்பிட்டு வைத்து விளக்கினார். உலகம் என்பது ஒற்றைத் தாள் இல்லையாம், நம் தினசரி காலண்டரைப் போலப் பதினோரு அடுக்காம், ஒவ்வோர் அடுக்கிலும் ஆறும் மலையும் ஆளும் மாடும் உண்டாம், ஓர் அடுக்குக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்கு இன்னோர் அடுக்குக்காரர் போய்ச் சேர வேண்டும் என்றால் எல்லோருக்கும் பொதுவாக ஒரு காலண்டர் வேண்டுமாம். அதில் வாரத்துக்கு ஒன்பது கிழமை. மாதங்களுக்கு வாசல், ஈரம், திரும்பிப் பார்த்தல் என்றெல்லாம் பேர். நிழல்களுக்கு ஓய்வு விடும் நாள், மறந்துபோன பேர் ஞாபகம் வரும் நாள் என்று விடுமுறைப் பட்டியல் மட்டும் இரண்டு பக்கம் ஓடியது. நாளிலேயே மூன்று தினுசு இருந்தது. நம்முடையதைப் போல ஒன்றன்பின் ஒன்றாகப் போவது நேர் நாள். சுவருக்கு அந்தப் பக்கம், அடுத்த வீட்டில் நடப்பது போல நடப்பது பக்க நாள். வேட்டியை மடித்தால் உள்ளே போய் ஒளிந்துகொள்கிற துணி இருக்கிறதே, அதைப் போல இரண்டு நாளுக்கு நடுவே மறைந்திருப்பது மடிப்பு நாள்.

ஊர்க் காலண்டர்களுக்கெல்லாம் ராகு காலமும் எமகண்டமும் கணித்துக் கொடுக்கிற சோசியர் திருவேங்கடம், புரூஃபைப் பார்த்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "கெட்ட நேரம் போட ஒரு கட்டம்கூட விடலையே, இதெல்லாம் ஒரு காலண்டரா?" என்று கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டார்.

ஆர்டர் முடிந்து லாரியும் போய்விட்டது. தப்பு அதற்குப் பிறகு எங்கள் மேஜையில் நடந்தது. தாள் அடுக்குகிற வேலை எப்படி என்றால், நீளமான மேஜை மேல் ஒன்றாம் தேதி, இரண்டாம் தேதி என்று நாள்கள் குவியல் குவியலாக இருக்கும், நாங்கள் பத்துப் பெண்கள் வரிசையாக மேஜையைச் சுற்றி நடந்தபடி, விரலை நாக்கில் தொட்டு, ஒரு குவியலுக்கு ஒரு தாள் என்று உருவிக்கொண்டே போவோம், ஒரு சுற்று முடிந்தால் கையில் ஒரு வருஷம் இருக்கும். கண்ணுக்கு அதில் வேலையே இல்லை. நான் பாக்கியத்தாய், பதினெட்டு வருஷம் அந்த மேஜையைச் சுற்றியவள், அப்போது எனக்கு ஓர் எழுத்துகூடத் தெரியாது. வருஷக் கடைசியில் ஊரிலுள்ள நானூற்றுப் பன்னிரண்டு வீட்டுக்கும் முதலாளி ஆளுக்கொரு காலண்டர் கொடுப்பது வழக்கம். அதற்கு அடுக்கியபோது, ஏழாம் அடுக்கு ஆர்டரில் மிஞ்சிய ஒன்பது குவியல் மேஜையில் ஆங்காங்கே அப்படியே கிடந்தது. மேஜையை ஒதுங்க வைக்க வேண்டியவள் ராஜகனி, எங்களில் சின்னவள். அவளுக்கு அது ஏழாம் மாதம், வயிறு மேஜையில் இடித்ததால் நடுவரைக்கும் கை எட்டவில்லை. எங்கள் கைகளோ, குவியல் என்று ஒன்று இருந்தால் உருவாமல் தாண்டாத கைகள். இப்படியாக ஊரில் ஒவ்வொரு வீட்டுக் காலண்டரிலும் ஒன்பது மடிப்பு நாள் ஏறி உட்கார்ந்துகொண்டது.

முதலாவது, தைப்பூசம் கழிந்த நாலாம் நாள் வந்தது. காலையில் வழக்கம்போல எல்லா வீட்டிலும் முந்தின நாள் தாளைக் கிழித்தார்கள். கீழே கறுப்பு எழுத்தும் இல்லை, சிவப்பு எழுத்தும் இல்லை, கருநீலத்தில் "மடிப்பு நாள் – தும்பை" என்று இருந்தது. வேப்பமர வளைவில் ஹாரன் அடித்துக்கொண்டு ஆறு மணிக்கு வருகிற முதல் பஸ் வரவில்லை. ஏழரை பஸ்ஸும் வரவில்லை. செல்போனில் சிக்னல் கோடு இல்லை. மெயின் ரோடு கழுவிக் கவிழ்த்த தட்டு மாதிரி சுத்தமாகக் கிடந்தது. மற்ற ஊர்க்காரர்களிடம் இந்த நாள் இல்லாததால் அவர்கள் வர வழியில்லை என்பதைப் பத்து மணிக்குள் புரிந்துகொண்டோம், புரிந்ததும் கோழி அடித்தோம்.

மறுநாள் காலையில் தாளைக் கிழித்தபோது ஹாரன் கேட்டது, விட்ட இடத்திலிருந்து உலகம் நடந்தது, எங்களுக்கு ஒரு நாள் அதிகமாகக் கிடைத்தது வெளியே ஒருவருக்கும் தெரியவில்லை. தெரு தெருவாகக் கணக்குப் பார்த்ததில் சில சங்கதிகள் விளங்கின. மடிப்பு நாளில் சமைத்தது பானையில் குறையவில்லை, தின்றது உடம்பில் ஒட்டவில்லை. அடித்துக் குழம்பு வைத்த கோழிகூட விடிந்ததும் கூரை மேல் நின்று கூவியது. சவரம் செய்துகொண்டவர்களுக்குப் பழைய தாடி திரும்பி வந்திருந்தது. ஆனால் அன்றைக்குக் கற்றுக்கொண்டது மட்டும் ஒட்டிக்கொண்டது. இது தெரிந்ததும் சர்க்கரை வியாதிக்காரர்கள் எல்லோரும் அடுத்த கருநீலத் தாள் எங்கே இருக்கிறது என்று காலண்டரை ஓரம் தூக்கிப் பார்த்து, அல்வா வாங்கித் தயாராக வைத்துக்கொண்டார்கள்.

இரண்டாவது மடிப்பு நாள் பங்குனியில் வந்தது. அன்று காலை ராஜகனிக்கு வலி எடுத்தது. பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றால் அன்று உலகத்தில் வேறு ஊரே இல்லை, எங்கள் ஊர் நர்ஸம்மாவும் நானும்தான் பிள்ளை பார்த்தோம். மத்தியானம் பெண் பிறந்தாள். அழுத அழுகையில் தெருவே நிறைந்தது. ராஜகனியின் புருஷன் தெய்வேந்திரன், ஆப்செட் மெஷின் ஓட்டுகிறவன், நகக்கண்ணில் போகாமல் தங்கிவிட்ட மையோடு பிள்ளையை வாங்கி, சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் நின்றான்.

மறுநாள் தாளைக் கிழித்தோம், ஹாரன் கேட்டது, வெள்ளிக்கிழமை வந்தது, பிள்ளை தூங்கினாள். எழுப்ப முடியாத தூக்கம். மூச்சு சீராக இருந்தது, உடம்பு வெதுவெதுப்பாக இருந்தது. ஆனால் பால் குடிக்கவில்லை, துணி நனைக்கவில்லை, சிணுங்கவில்லை, சனிக்கிழமையும் தூங்கினாள், ஞாயிற்றுக்கிழமையும் தூங்கினாள். வண்டி வைத்துத் தூக்கிக்கொண்டு போய்க் காட்டினோம். டாக்டரம்மா ஒரு மணி நேரம் பார்த்தார்.

"நோய் ஒண்ணும் இல்லம்மா. எடை குறையலை, கூடலை. பஸ்ஸுக்குக் காத்திருக்கிறவங்க மாதிரி இருக்கா" என்றார்.

முப்பத்தெட்டு நாள் அப்படிப் போனது. ராஜகனி பால் கட்டி நெஞ்சு வலிக்க, பீய்ச்சிச் செம்பருத்திச் செடி மூட்டில் ஊற்றிவிட்டு வந்து, பிள்ளையின் காதில் பேசிக்கொண்டே இருப்பாள். மேஜையைச் சரியாக ஒதுங்க வைக்காத தன் கையைத் தானே அடித்துக்கொள்வாள். அதைப் பார்க்க எங்களுக்குப் பொறுக்கவில்லை, குவியலில் உருவியது எங்கள் கையும்தானே.

சித்திரையில் மூன்றாவது கருநீலத் தாள் வந்தது. அதைப் பார்த்துவிட்டு நாங்கள் கோலப்பொடிக் கிண்ணத்தோடு நிமிரும்போதே ராஜகனி வீட்டுக்குள்ளிருந்து அழுகை கேட்டது. பசித்த பிள்ளையின் அழுகை, முந்தின மடிப்பு நாளில் எந்த இடத்தில் நிறுத்தினாளோ அந்த இடத்திலிருந்து தொடர்ந்த மாதிரி. ராஜகனி பால் கொடுத்துக்கொண்டே அழுதாள், அழுதுகொண்டே சிரித்தாள், தெரு முழுக்க அவள் வாசலில் நின்றது. எல்லோருக்கும் ஒரே நேரத்தில் புரிந்துவிட்டது. எங்களுக்கு ஒட்டாத அந்த நாள்தான் அவளுக்கு ஒட்டும், நம்முடைய நாள்கள் அவளுக்குக் கிடையாது. பெற்றவர்கள் அவளுக்குத் தன்விகாஸ்ரீ என்று ஒரு பேர் முடிவு செய்து வைத்திருந்தார்கள், ஊர் அன்றைக்கே நாளம்மாள் என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டது.

"சந்தோசப்படுறது இருக்கட்டும், மதினி. வருசத்துக்கு ஒம்போது நாள்னா, இவ எந்திரிச்சு உக்காரவே இருவது வருசம் ஆகும்" என்றாள் நர்ஸம்மா என்னிடம், சன்னமான குரலில். ராஜகனிக்கு அது கேட்டுவிட்டது.

அன்று பத்து மணிவாக்கில், யாருமே வர முடியாத மெயின் ரோட்டில் தெற்கே இருந்து ஒருவர் சைக்கிளில் வந்தார். ஏழாம் அடுக்குத் தபால்காரர். காலண்டர் நன்றாக வந்திருக்கிறது, தகரம் மட்டும் இடப்பக்கம் ஒரு நூல் சாய்ந்திருக்கிறது என்று முதலாளிக்கு ஒரு கடிதம் கொண்டுவந்திருந்தார். நம் பாஷையைக் காலண்டரில் அச்சாகும் பொன்மொழிகளைப் படித்துக் கற்றவர் போல, புத்தகத் தமிழில்தான் பேசினார். ராஜகனி அவருக்கு மோர் கொடுத்து, பிள்ளையைக் காட்டினாள்.

"மடிப்பில் பிறந்த குழந்தைக்கு மடிப்பு நாளே வயது, அம்மா" என்றார் அவர். "நேர் நாளில் வந்து சேர வேண்டுமானால், கருநீலத் தாளைத் தன் கையால் கிழித்து அதன் பின்னால் உள்ள நாளைத் திறக்க வேண்டும்."

"நான் கையப் புடிச்சுக் கிழிக்க வச்சா?"

"பிறர் பிடித்த கை கணக்கில் வராது."

"பெறந்து ரெண்டு நாளுதான் ஆச்சு அவளுக்கு. தாளப் புடிச்சு இழுக்கணும்னா ஏழெட்டு மாசமாவது ஆகணுமே."

தபால்காரர் மோரைக் குடித்து முடித்தார். "மடிப்புக்குள் வர எல்லா வீட்டுக் கையும் வேண்டும். வெளியே போக ஒரு கை போதும். நாளை அச்சடிக்கத் தெரிந்த ஊரில் பிறந்திருக்கிறாள், நல்லதே நடக்கும்" என்று சொல்லிவிட்டு மணியடித்துக்கொண்டு போனார்.

மிச்சத்தாள் குடோனில் இருந்தது. தெய்வேந்திரன் முதலில் நம் ஊர்த் தாளில் அடித்துப் பார்த்தான், அது வெறும் திங்கட்கிழமையாகவே விடிந்தது. வெங்காயத்தோல் தாளை எண்ணிப் பார்த்ததில், வீட்டுக்கு இருநூற்று நாற்பது நாள் வெட்டலாம், காலண்டரில் மிச்சமிருந்த ஆறும் அதில் சேர்த்தி. எட்டு மாதம். அதற்கு மேல் ஒரு தாள் கிடையாது.

அச்சகத்து முற்றத்தில் ஊர் கூடியது. ஒரு நேர் நாள், ஒரு மடிப்பு நாள் என்று மாற்றி மாற்றி இருநூற்று நாற்பது நாளை ஊரே சேர்ந்து வாழ வேண்டும். பலசரக்குக் கடை அண்ணாச்சி தலையைச் சொறிந்தார்.

"ஒரு நாளத் தள்ளுறதே பெரும்பாடா இருக்கு. இதுல எச்சா வேற வாழணுமா?"

"ஊருக்கெல்லாம் நாள் அடிச்சுக் குடுக்கோம், அண்ணாச்சி" என்றேன் நான். "நம்ம புள்ளைக்கு அடிக்கக் கூடாதா?"

மறுநாளே வீட்டுக்கு வீடு காலண்டரைக் கழற்றிக்கொண்டு வந்தார்கள், தகரத்தை நெம்பி, ஒவ்வொரு நாளுக்குப் பின்னாலும் ஒரு கருநீலத் தாளைச் செருகி, மறுபடி தகரம் அடித்துக் கொடுத்தோம், ஒவ்வொரு காலண்டரும் செங்கல் கனம் இருந்தது. தாளில் நாளுக்குப் பேர் வேண்டுமே, ஏழாம் அடுக்குக்காரர் வைத்த பேரெல்லாம் தீர்ந்துவிட்டது, அதனால் ஆளுக்கொரு பேர் சொல்லச் சொன்னார் முதலாளி. மீன்குழம்பு, என் முதல் சைக்கிள், கம்பங்காட்டுக் குருவி, தம்பி வந்தான் என்று அவரவர் மனதில் இருந்ததைச் சொன்னார்கள். கடைசி நாளுக்கு ராஜகனி பேர் வைத்தாள். "வா" என்றாள், அவ்வளவுதான்.

முதல் நாள் எல்லோரும் சீக்கிரமே எழுந்து தாளைக் கிழித்துவிட்டுக் காத்திருந்தோம். ஆறு மணிக்கு வேப்பமர வளைவில் ஹாரன் கேட்டது. பஸ் வந்து நின்றது, பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தாள். ஒரு நாள் வீணாய்ப் போனது. யார் வீட்டுக் கை சேரவில்லை என்று தேட வேண்டிய அவசியமே இருக்கவில்லை, சோசியர் திருவேங்கடம் தன் வீட்டு வாசலில் கைகட்டி நின்றார்.

"நாந்தான். ரெண்டு தாளையும் சேத்துக் கிழிச்சிட்டேன்" என்றார்.

ராஜகனி தூங்குகிற பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு அவர் வீட்டுக்குள் போனாள், துணைக்கு நானும் போனேன்.

"நாப்பது வருசமா கெட்ட நேரத்தச் சொல்லித்தானம்மா சனங்களக் காப்பாத்திட்டு வாறேன்" என்றார் சோசியர். "ராகு காலம் இல்லாத நாளு, கடிவாளம் இல்லாத குதிரை. அதுல ஊரையே ஏத்தி விடச் சொல்றியா?"

"நான் அதப் பேச வரலைங்கய்யா. எம் புள்ளைக்குச் சாதகம் எழுத வந்தேன்" என்றாள் ராஜகனி. "ஊர்ல எல்லாப் புள்ளைக்கும் நீங்கதான எழுதுனீக. எனக்கும் நீங்கதான். கெட்ட நேரமாவே இருந்தாலும் சரி, இவளுக்கும் ஒரு நேரம் இருக்குன்னு எழுதிக் குடுங்க."

சாதகம் இல்லாத பிள்ளை என்பது அவரால் தாங்க முடியாத விஷயம். பலகையை எடுத்து வைத்து உட்கார்ந்தார். கட்டம் போட்டார், அழித்தார், விரல்விட்டு எண்ணினார், பழைய நோட்டுகளைப் புரட்டினார், மறுபடி கட்டம் போட்டார். மடிப்புக்குள்ளே ராகுவுக்கு இடம் தேடினார், சனிக்கு இடம் தேடினார். வெகுநேரம் கழித்துப் பேனாவை எடுத்து, பிழையில்லாத முத்து முத்தான எழுத்தில் "நாள் முழுவதும் நல்ல நேரம்" என்று எழுதினார். எழுதியதைத் தானே இரண்டு தடவை வாசித்தார்.

"நாப்பது வருசத்துல இந்த வரிய நான் எழுதுனதே இல்ல" என்று சொல்லும்போது அவருக்குக் கண்ணீர் வந்துவிட்டது. "அச்சுல போடச் சொல்லும்மா. எல்லாத் தாள்லயும் போடச் சொல்லு." தகரத்தை மறுபடி நெம்பி, மிச்சத் தாள்களில் எல்லாம் அந்த வரியையும் அடித்துச் சேர்த்தோம். அடுத்த மடிப்பு நாள் காலையில் ஊரிலேயே முதலாவதாகத் தாளைக் கிழித்தவர் அவர்தான்.

அதிலிருந்து நாங்கள் ஒன்று விட்டு ஒன்று வாழ்ந்தோம். நேர் நாளில் மெஷின் ஓடியது, லாரி வந்தது, நாங்கள் மேஜையைச் சுற்றினோம், மேஜைப் பக்கத்தில் கட்டிய தொட்டிலில் நாளம்மாள் தூங்கினாள், தாள் உரசுகிற சத்தம்தான் அவளுக்குத் தாலாட்டு. மடிப்பு நாளில் மெஷினுக்கு ஓய்வு, லாரி இல்லை, ஹாரன் இல்லை, நாளம்மாள் விழித்தாள். முதலில் சிரித்தாள், பிறகு குப்புற விழுந்தாள், அவள் குப்புற விழுந்ததற்கு நானூற்றுப் பன்னிரண்டு வீட்டிலும் கொழுக்கட்டை அவித்தார்கள். தின்றது ஒட்டாது, கற்றது ஒட்டும் என்பதால் அவரவருக்குப் பிடித்ததை அவரவர் கற்றார்கள். அண்ணாச்சி கிணற்றில் நீந்தப் பழகினார். நர்ஸம்மா ஆர்மோனியம் பழகினாள், தெருவே காதைப் பொத்திக்கொண்டு பாராட்டியது. பேசாமல் இருந்த அண்ணன் தம்பிகள், சண்டையை நினைவில் வைத்துக்கொள்ள இவ்வளவு நாள் தாங்காது என்று பேசிவிட்டார்கள். நான் எழுத்துப் பழகினேன். சோசியர்தான் சொல்லிக் கொடுத்தார், நான் முதன்முதலாக எழுத்துக்கூட்டி வாசித்தது "நாள் முழுவதும் நல்ல நேரம்".

ஆறாம் மாதம் பிள்ளை உட்கார்ந்தாள். அதிலிருந்து ஊருக்கு ஒரே வேலை, அவள் முன்னால் தாளைப் போடுவது. கையைப் பிடிக்கக் கூடாது, ஆசை காட்டலாம். பேப்பரைக் கொடுத்தால் பேப்பரைக் கிழித்தாள், புரூஃபைக் கொடுத்தால் புரூஃபைக் கிழித்தாள், கல்யாணப் பத்திரிகையைக் கிழித்தாள், முதலாளியின் லைசென்சைக் கிழித்தாள். ஒரு நாள் சோசியரின் நாற்பது வருஷத்துப் பஞ்சாங்க நோட்டை நடுவாகக் கிழித்தாள், அவர் ரெண்டு துண்டையும் தூக்கிப் பிடித்துக்கொண்டு "கிழிச்சிட்டா! என் தங்கம் கிழிச்சிட்டா!" என்று தெருவில் ஓடினார்.

காலண்டரை மட்டும் தொடவில்லை. சுவரிலிருந்து இறக்கித் தரைக்கு ஒட்டி மாட்டினோம். அட்டையில் இருந்த முருகனைப் பார்த்துச் சிரிப்பாள், மயிலை நக்குவாள், தவழ்ந்து வேறு பக்கம் போய்விடுவாள். காலண்டர் செங்கல் கனத்திலிருந்து மெலிந்துகொண்டே வந்தது. பத்துத் தாள் இருந்தது, ஐந்து இருந்தது. மார்கழி பாதியில் ஒரே ஒரு கருநீலத் தாள்தான் மிச்சம் இருந்தது.

அன்று காலை எல்லோரும் முந்தின நாளைக் கிழித்தோம். "மடிப்பு நாள் – வா" என்று இருந்தது. ஒரு வீட்டிலும் அடுப்பு எரியவில்லை. ராஜகனி வீட்டுக்குள் இடம் கொள்ளாமல் ஊர் தெருவில் நின்றது, ஆர்மோனியம்கூட வாய் திறக்கவில்லை. நாளம்மாள் தவழ்ந்து வந்து காலண்டரைப் பார்த்தாள், கோழிக்குஞ்சைப் பார்த்தாள், கோழிக்குஞ்சின் பின்னால் போனாள். திரும்பி வந்தாள். தெய்வேந்திரன் கண்ணை மூடிக்கொண்டான். மணி எட்டானது, ஒன்பதானது. அன்றைக்குள் அவள் கிழிக்காவிட்டால் மறுநாள் விடிந்ததும் தூங்கிவிடுவாள், அதன் பிறகு அவளை எழுப்ப உலகத்தில் தாளே இல்லை.

ராஜகனியால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டு சுவரோரம் உட்கார்ந்தாள். மனசு பதறும்போது எங்கள் கைக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான். பிள்ளை கிழிப்பதற்காகக் குவித்து வைத்திருந்த கழிவுத் தாளை முன்னால் இழுத்துப் போட்டு, விரலை நாக்கில் தொட்டு, ஒரு தாளை உருவினாள். மறுபடி தொட்டு, மறுபடி உருவினாள். கண் எங்கோ இருந்தது, கை அதுபாட்டுக்கு நடந்தது. அவளைப் பார்த்து நானும் உட்கார்ந்தேன், மேஜைப் பெண்கள் எல்லோரும் உட்கார்ந்தோம், யாரும் எதுவும் நினைத்துச் செய்யவில்லை. தாள் உரசுகிற சத்தம் அந்த வீட்டை நிறைத்தது.

நாளம்மாள் நின்றாள். அவள் தூக்கத்தில் எட்டு மாதமாகக் கேட்ட சத்தம் அது. அம்மாவைப் பார்த்தாள், அம்மாவின் விரலைப் பார்த்தாள், என் விரலைப் பார்த்தாள். பிறகு தன் விரலை வாய்க்குள் விட்டு, மணிக்கட்டு வரை எச்சில் வழிய வெளியே எடுத்து, எதிரே தொங்கிய காலண்டர்க் குவியலின் மேல் வைத்து, உருவினாள்.

தாள் கோணலாகக் கிழிந்து வந்தது.

வேப்பமர வளைவில் ஹாரன் கேட்டது. ஒரு ஹாரன் இல்லை, நான்கு. அன்றைக்கு ஆறு மணிக்கும் ஏழரைக்கும் எட்டேகாலுக்கும் ஒன்பதுக்கும் வந்திருக்க வேண்டிய பஸ் எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக வந்து நின்று, வழிவிடச் சொல்லி விடாமல் அடித்தன. தெருவில் எல்லாருடைய செல்போனும் ஒரே நேரத்தில் அலறியது. நாங்கள் யாரும் அதைக் கவனிக்கவில்லை, பிள்ளையைத்தான் பார்த்தோம். கையில் கருநீலத் தாளோடு, கண்ணை அகல விரித்து, விழித்திருந்தாள். வியாழக்கிழமையில் விழித்திருந்தாள். ஹாரன் சத்தத்தை அவள் விழித்திருந்து கேட்டதே இல்லை, உதடு பிதுங்கியது, வீறிட்டு அழுதாள்.

ராஜகனி ஓடிப்போய் அள்ளி இடுப்பில் வைத்துக்கொண்டு, வாசலுக்குத் தூக்கி வந்து, வளைவைக் கைகாட்டினாள்.

"பஸ்ஸு, தாயி. பயப்படாத. இனிமே தினமும் வரும்."